சம்பந்தி வீட்டுத் தெரு

வியாழக்கிழமை, காலை 5.10

ஈப்போ நிலையத்தில் ரயிலில் காலை வைத்ததுமே கைப்பேசி அடித்தது. அண்ணன்தான். வேறு யார் இந்த நேரத்தில் என்னை ஞாபகம் வைத்துக்கொண்டு கூப்பிடப் போகிறார்கள்?

"ஏறிட்டியா மீனா?"

"ஏறிட்டேண்ணே."

"சீட் கெடைச்சிச்சா?"

"டிக்கெட் எடுத்தா சீட் குடுப்பாங்கண்ணே. முப்பத்தாறு ரிங்கிட் சும்மாவா வாங்குறான்?"

"சரி சரி, கத்தாத. சம்பந்திங்கள ஒரு மணிக்குள்ள கூட்டிட்டு வந்துரு. அப்பத்தான் செவுத்துல வெளிச்சம் நல்லா விழும்."

என்னைப் பற்றி ஒரு வரி சொல்லிவிடுகிறேன். நான் ஈப்போவில் காப்புறுதி, அதாவது இன்சூரன்ஸ், விற்பவள். நல்லதைப் பேசுவதற்கு முன்னால் கெட்டதைப் பேசிப் பழகிய வாய் இது. அண்ணன் சேகர் கிள்ளானில், ஜாலான் தெங்கு கிளானா என்ற தெருவில், வாழையிலைச் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். மீன்தலைக் கறிக்குப் பேர்போன கடை. அவருடைய ஒரே மகள் யாழினிக்கு இன்னும் பத்து நாளில் கல்யாணம். மாப்பிள்ளை தோமாஷ் செக் நாட்டுப் பையன். ஷா ஆலாமில் ஒரு தொழிற்சாலையில் மூன்று வருடம் வேலை பார்த்தவன். தோசையைப் பிய்த்து சாம்பாரில் தோய்க்கும் அழகைப் பார்த்தால் யாரும் அவனை வெளியூர் என்று சொல்ல மாட்டார்கள். கல்யாணம் முடிந்ததும் இரண்டு பேரும் அவன் ஊருக்குப் போகிறார்கள். அவனுக்கு அங்கே வேலை காத்திருக்கிறது, அவளுக்கும் கிடைத்தாயிற்று.

அவனுடைய அப்பா அம்மா முந்தாநாள் வந்து கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் ஒரு ஹோட்டலில் தங்கியிருந்தார்கள். அண்ணன் கார் அனுப்புகிறேன் என்றதற்கு, எங்களுக்கு ரயில்தான் பிடிக்கும் என்று சொல்லிவிட்டார்களாம். பிள்ளைகள் இரண்டு பேரும் கல்யாணப் பதிவு வேலையாகப் புத்ராஜெயா போய்விட்டார்கள். ஆகவே சம்பந்திகளைக் கிள்ளானுக்குக் கூட்டிப்போகும் பொறுப்பு என் தலையில் விழுந்தது.

அந்தச் சுவரைப் பற்றியும் இப்போதே சொல்லிவிடுவது நல்லது. இரண்டு மாதத்துக்கு முன் அண்ணனுக்கு ஒரு யோசனை வந்தது. சம்பந்தி வந்து கடைக்குள் நின்றால் சொந்த ஊருக்குள் நிற்பதுபோல் இருக்க வேண்டும். அதனால் கல்லாவுக்கு எதிர்ச் சுவர் முழுக்க அவர்கள் ஊர்த் தெருவை வரைவது என்று முடிவு கட்டி, அஸ்ரி என்ற மலாய் ஓவியரைப் பிடித்தார். மாதிரிக்கு என்ன செய்வது? நமக்குத்தான் சினிமாப் பாட்டு இருக்கிறதே! கதாநாயகனும் கதாநாயகியும் குளிரில் மெல்லிசுச் சேலையோடு ஓடுவார்களே, அந்தப் பாலம், இரண்டு பக்கமும் சிலைகள், குன்றின்மேல் கோட்டை, கல் பதித்த சந்து, மஞ்சள் விளக்கு. அண்ணன் டிவியை நிறுத்தி நிறுத்திப் படம் பிடித்து அஸ்ரிக்கு அனுப்பினார். ஆடும் ஜோடியை எடுத்துவிட்டு மிச்சத்தைச் சுவரில் போடு என்று உத்தரவு. டிசம்பரில் அங்கே மூன்று வாரம் போய்வந்த யாழினி அனுப்பிய போட்டோக்களிலும் அதே பாலம்தான். யாழினிக்கும் தோமாஷுக்கும்கூடக் காட்டாமல் சேலையால் மூடிவைத்துக்கொண்டு, தினம் எனக்கு மட்டும் ஒரு படம் அனுப்புவார். இன்றைக்குக் கோட்டை முடிஞ்சது, இன்றைக்கு மூணு சிலை முடிஞ்சது.

போன வாரம் மத்தியானம், கடை ஓய்ந்த நேரத்தில், அவர் கூப்பிட்டபோது குரலே சரியில்லை. "ஏம்மா மீனா, நானும் எத்தனையோ பாட்டு பார்த்துட்டேன். ஒரு பாட்டுலயாச்சும் அந்தத் தெருவுல ஒரு மனுசன் நடக்குறானா? ஒரு கடை தொறந்திருக்கா? ஒரு ஜன்னல்ல ஒரு மூஞ்சி? இவ அங்க பனியில வழுக்கி விழுந்து கெடந்தா யாரு பாப்பா?"

அவரே மேலே சொன்னார். "கடைக்கு மேல ரெண்டு ரூம் சும்மாதான் கெடக்கு. ரெண்டு பேரும் இங்கயே இருக்கட்டும்னு சம்பந்திகிட்ட நேர்ல கேக்கப் போறேன். நீதான் இங்கிலீஷ்ல எடுத்துச் சொல்லணும்."

அடுத்த நாளே யாழினி கூப்பிட்டாள். "அத்தை, அப்பா அதக் கேட்டா அவங்க என்னா நெனைப்பாங்க? தோமாஷ் வேலைக்கு சைன் போட்டாச்சு. நானும்தான். எப்படியாச்சும் பேச்ச மாத்திருங்க, ப்ளீஸ் லா." இரண்டு பக்கமும் தலையாட்டிவிட்டு ரயில் ஏறியவள் நான். இருட்டில் ஜன்னலுக்கு வெளியே ஒன்றும் தெரியவில்லை, தூங்கிப் போனேன்.

காலை 7.50, பிரிக்ஃபீல்ட்ஸ்

கே.எல். சென்ட்ரல் நிலையத்தை விட்டு வெளியே வந்து சாலையைத் தாண்டினால் பிரிக்ஃபீல்ட்ஸ். பூக்கடைகளில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தார்கள். மல்லிகை முழம் ஐந்து ரிங்கிட். சம்பந்தியம்மாவுக்கு ஒன்று வாங்கிக்கொண்டேன்.

ஹோட்டல் வாசலில் இரண்டு பேரும் எனக்கு முன்னாலேயே வந்து நின்றிருந்தார்கள். பாவெல் நல்ல உயரம். செருப்புக்குள் சாம்பல் நிறக் காலுறை. இந்த வெயிலில்! அவருடைய மனைவி ஹானா குட்டை முடியைச் செம்பட்டையாகச் சாயம் போட்டிருந்தார். அவர் ஒரு பள்ளிக்கூட உணவுக்கூடத்தில் சமைப்பவர், பாவெல் ஓய்வு பெற்ற டிராம் ஓட்டுநர். ஹானாவுக்கு ஆங்கிலம் ஓரளவு வரும், பாவெலுக்கு அதைவிடக் கொஞ்சம் குறைவு. அவர்கள் சொன்னதையெல்லாம் நான் நம் தமிழிலேயே எழுதிவிடுகிறேன்.

தோசைக் கடைக்குக் கூட்டிப்போனேன். உள்ளே கூட்டம். வாசலில் நின்று ஹானா மொத்தக் கடைக்கும் கேட்கிற மாதிரி, "டோப்ரி டென்!" என்றார். செக் மொழியில் வணக்கம். கடை ஒரு நொடி அப்படியே நின்றுவிட்டது. லோரி ஓட்டுநர் ஒருவர் வாயில் தோசையோடு, "மோர்னிங் ஆன்டி!" என்றார். கல்லுக்குப் பின்னால் இருந்த மாஸ்டர் கரண்டியைத் தூக்கி, "வாங்க வாங்க, உக்காருங்க," என்றார்.

"எல்லாருக்குமா வணக்கம் சொல்வீங்க?" என்று கேட்டேன்.

"சின்னக் கடைக்குள்ள போனா சொல்லணும். லிஃப்ட்ல ஏறினா சொல்லணும். டாக்டர்கிட்ட காத்திருக்கப் போனாலும் சொல்லணும். சொல்லலன்னா இது எந்த வீட்டுப் பொண்ணுன்னு கேப்பாங்க," என்றார் ஹானா. எங்கள் ஈப்போ லிஃப்டில் எல்லோரும் கைப்பேசியைத்தான் பார்த்துக்கொண்டு நிற்போம்.

பாவெல் மூன்று தோசை சாப்பிட்டார். காலுறை போட்ட மனிதருக்கு இவ்வளவு காரம் இறங்குமென்று நான் நினைக்கவில்லை. மூன்று பேருக்கும் தே தாரேக் என்ற இழுவை டீயோடு சேர்த்து இருபத்தொரு ரிங்கிட் ஆனது. கடைக்காரர் என்னிடம், "எந்த ஊர் அக்கா?" என்று கேட்டார். செக் என்றேன். "ஓ, அந்தப் பாலம்!" என்றார் உடனே. பாட்டுப் பார்க்காத தமிழன் உண்டா?

காலை 11.05, கிள்ளான் ரயில்

பிரிக்ஃபீல்ட்ஸைச் சுற்றிவிட்டுக் கம்யூட்டர் ரயில் பிடித்தோம். கட்டணம் ஆளுக்கு ஐந்து ரிங்கிட்டுக்குள்தான். வண்டி வந்ததும் பாவெல் ஆசையோடு முதலில் கண்ணில் பட்ட பெட்டிக்குள் ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்தும்விட்டார். அது பெண்கள் பெட்டி. சுற்றிலும் இளஞ்சிவப்பு எழுத்து, சுற்றிலும் தலைமுக்காடு, நடுவில் இந்த ஆறடி மனிதர் சிரித்துக்கொண்டு. எதிரில் இருந்த மலாய் அம்மா ஒருவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு பலகையைக் காட்டினார். பாவெலுக்குக் காதுவரை சிவந்துவிட்டது. எழுந்து, அந்தப் பெட்டியில் இருந்த அத்தனை பெண்களுக்கும் குனிந்து மன்னிப்புக் கேட்டுக்கொண்டே அடுத்த பெட்டிக்கு நடந்தார். ஹானா அவரைச் செக் மொழியில் திட்டிக்கொண்டே பின்னால் போனார். திட்டு எந்த மொழியில் இருந்தாலும் புரிந்துவிடுகிறது.

பந்தாய் டாலாம் நிலையம் தாண்டியதும் நான் என் கைப்பேசியை எடுத்தேன். ஆர்வக் கோளாறு, வேறென்ன. "உங்க ஊர எங்க ஆளுங்க எப்படிக் காட்டுறாங்க பாருங்க," என்று ஒரு பாட்டை ஓடவிட்டேன். பாலம், சிலை, கோட்டை, ஓட்டம். இரண்டு பேரும் தலையை ஒட்டிவைத்துக்கொண்டு பார்த்தார்கள்.

பாவெல் விரலால் திரையைத் தொட்டு நிறுத்தினார். "இது பிராக். தலைநகரம். விடியற்காலை அஞ்சு மணி."

"எப்படித் தெரியும்?"

"ஆளே இல்லையே. பகல்ல இந்தப் பாலத்துல காலு வைக்க இடம் இருக்காது. என் தம்பி அங்கதான் பக்கத்துல இருக்கான். ஷூட்டிங்னா கார் கண்ணாடியில துண்டுச் சீட்டு வச்சிட்டுப் போவாங்க, நாளைக்குக் காரை எடுன்னு. என்னா படம், யாரு நடிகர்னு ஒன்னும் சொல்ல மாட்டாங்க. ஒரு தடவை தெரு முழுக்க பாரிஸ் போர்டு மாட்டிட்டாங்க. இன்னொரு தடவை லண்டன். எங்க தெருவெல்லாம் நல்லா நடிக்கும், சொந்தப் பேர்லதான் நடிக்காது."

"எங்க ஆளுங்களும் லேசுப்பட்டவங்க இல்ல," என்றார் ஹானா. "கிறிஸ்மஸ் வந்தா டிவியில ராசா ராணிக் கதை போடுவாங்க. ஒரே பனி, ஒரே மரவீடு. அதுல ஒரு டிராமையாவது நான் பார்த்ததில்ல."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. "நீங்க பிராக் இல்லையா?"

"நாங்களா? நாங்க ஓஸ்ட்ராவா. நிலக்கரி, இரும்பு ஆலை ஊர். பிராக்குக்கு ரயில்ல மூன்றரை மணி நேரம். நான் கடைசியா அங்க போய் ஏழெட்டு வருசம் ஆச்சு," என்றார் ஹானா.

அடக் கடவுளே! பினாங்குப் பாலத்தை வரைந்து வைத்துக்கொண்டு, பாருங்கள் உங்கள் கிள்ளான் என்று காட்டுவது போலல்லவா ஆகிவிட்டது! தமிழ்நாட்டுப் படக்காரர்கள் மட்டும் நம்மை என்ன செய்கிறார்கள்? கோலாலம்பூர் என்றால் இரட்டைக் கோபுரம், கோபுரத்துக்குக் கீழே ஒரு தாதா, அவனுக்கு ஒரு கறுப்புக் கார். கிள்ளானில் மீன்தலைக் கறி விற்கிறார்கள் என்று ஒருவரும் காட்டியதில்லை. அதற்கு நாம் பொருமுகிறோம், அதையே அடுத்தவர் ஊருக்குச் செய்து சுவரிலும் ஏற்றிவிட்டோம்.

"உங்க தெரு போட்டோ இருக்கா?" என்றேன். பாவெல் மகிழ்ச்சியோடு காட்டினார். எட்டு மாடிக் கட்டடங்கள் வரிசையாக, ஒரே அச்சில் வார்த்தவை. பால்கனியில் துணி. மஞ்சள், நீலம், பச்சை என்று ஆளுயரக் குப்பைத் தொட்டிகள். வளைந்து திரும்பும் டிராம் பாதை. ஒரு ஆள் வீட்டுச் செருப்போடு குப்பை கொட்ட வந்து, இன்னொரு ஆளோடு கதைபேசிக்கொண்டு நிற்கிறார். சும்மா சொல்லக் கூடாது, எனக்குச் சப்பென்று போய்விட்டது. இதுவா ஐரோப்பா? கோலாலம்பூர் செந்தூல் அடுக்குமாடியில் நாலு மரம் கூட நட்டது போலல்லவா இருக்கிறது!

அண்ணனுக்கு உடனே செய்தி தட்டினேன். "அண்ணே செவுத்தத் தொறந்து காட்டாதீங்க. ஊரு தப்பு." பார்க்கவில்லை. இன்னொன்று. பார்க்கவில்லை. மத்தியானக் கூட்ட நேரத்தில் அவர் கைப்பேசியை அரிசி டின்மேல் வைத்துவிடுவார். சுபாங் ஜெயா போனது, பத்து தீகா போனது, ஷா ஆலாம் போனது. யாழினியைக் கூப்பிட்டேன்.

"ஏன்டி, அவங்க வீட்டு போட்டோ ஒன்னுகூடவா நீ அப்பாவுக்கு அனுப்பல?"

"அந்த ஃப்ளாட்டையா? அத யாரு அத்தை போட்டோ எடுப்பாங்க?" என்றாள்.

மதியம் 12.35, கிள்ளான்

நிலையத்திலிருந்து கடை நடந்து போகும் தூரம்தான். வெயில் மண்டையைப் பிளந்தது. சேலைக் கடைகளின் பாட்டு, முறுக்குப் பொரியும் வாசனை, நடைபாதையில் பாதியை அடைத்த பித்தளைப் பாத்திரங்கள். ஹானா எட்டுக் கடை வாசலில் "டோப்ரி டென்" சொன்னார், எட்டிலும் பதில் வந்தது. ஒரு ஆள், "வாங்க பாஸ், உள்ள வந்து பாருங்க!" என்று பாவெலின் கையைப் பிடித்து இழுத்தார். எனக்கு எதையும் ரசிக்கும் நிலைமை இல்லை.

அண்ணன் பட்டு வேட்டி, புதுச் சட்டையோடு வாசலில் நின்றார். மாலை போட்டார். அண்ணி சரஸ்வதி ஆரத்தி எடுத்தார். ஹானாவின் தலையில் நான் மல்லிகையைக் குத்த முயன்றேன், குட்டை முடியில் நிற்கவில்லை, காதில் மாட்டிவிட்டேன். கடையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எல்லோரும் கைதட்டினார்கள். நான் அண்ணன் காதில், "அண்ணே, ஒரு நிமிசம்—" என்றேன். அவர் எங்கே கேட்டார்? சுவரை மூடியிருந்த இரண்டு சேலைகளையும் ஒரே இழுப்பில் இழுத்துவிட்டார்.

அழகுதான். அதில் சந்தேகமே இல்லை. அஸ்ரி மாய்ந்து மாய்ந்து வரைந்திருந்தான். கோட்டை, பாலம், சிலைகள், ஈரம் மின்னும் கல் சந்து. எல்லாம் இருந்தன, ஈ காக்கை இல்லை.

சம்பந்திகள் வெகுநேரம் பார்த்தார்கள். ஹானா மெதுவாக, "ரொம்ப அழகு. இது யாரோட தெரு?" என்றார்.

"என்ன சொல்றாங்க?" என்றார் அண்ணன்.

"அழகா இருக்காம்," என்றேன். பாதி உண்மை.

ஆனால் பாவெல் அதற்குள் சுவரருகே போய், கையை விரித்து, "டிராம்? வேர் டிராம்?" என்று கேட்டுவிட்டார். இவ்வளவு ஆங்கிலம் அண்ணனுக்குப் போதும். என் முகத்தைப் பார்த்தார். சொல்லிவிட்டேன். வேறு ஊர், மூன்றரை மணி நேரத் தொலைவு, அவர்கள் அங்கே போயே பல வருசம் ஆகிறது.

அண்ணன் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். மாலை போட்டுக்கொண்ட சம்பந்தி நிற்கிறார், போட்டவர் உட்கார்ந்திருக்கிறார். "அப்ப இத்தன நாளா நான் யாரு வீட்டையோ பாத்துக்கிட்டு இருந்தனா?" என்றார். பிறகு, நான் பயந்ததையே எடுத்தார். "மீனா, அவங்ககிட்ட சொல்லு. பொண்ணு இங்கயே இருக்கட்டும். மாப்பிள்ளையும் இருக்கட்டும். மேல ரூம் இருக்கு."

"ஐயோ, ஆரம்பிச்சிட்டாரு," என்றார் அண்ணி. "பொண்ணு என்ன நிலாவுக்கா போறா?"

"நீ சும்மா இரு சரசு. சொல்லு மீனா."

பேச்சை மாற்றுவதாக யாழினிக்கு வாக்குக் கொடுத்திருந்தேன். முடியவில்லை. அண்ணன் முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த விதம் அப்படி. எல்லாவற்றையும் அப்படியே சொன்னேன். பாட்டுகளைப் பார்த்தது, தெருவில் ஆளில்லாதது, மகள் பனியில் விழுந்து கிடந்தால் யார் பார்ப்பார்கள் என்ற பயம்.

ஹானா சிரித்துவிட்டார். எனக்குக் கோபமே வந்தது. ஒரு அப்பன் வயிறு எரிந்து கேட்கிறான், இதில் என்ன சிரிப்பு?

"மன்னிக்கணும்," என்று ஹானா அண்ணன் எதிரில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "யாழினி டிசம்பர்ல வந்தப்ப ஒரு நாள் தொப்பி இல்லாம வெளிய போயிட்டா. நான் பள்ளிக்கூடத்துல உருளைக்கிழங்கு வேகவச்சிக்கிட்டு இருக்கேன். ஒரு போன். 'உங்க மருமக தொப்பி போடல.' வச்சா இன்னொரு போன். 'உங்க மருமக தொப்பி போடல.' மூணாவது போன் யார்மிலாகிட்ட இருந்து. அவங்க கீழ் வீடு. 'உன் மருமக தொப்பி போடல, நான் என் தொப்பியக் கொண்டுபோய் டிராம் நிறுத்தத்துல மாட்டிவிட்டுட்டு வந்துட்டேன். சாயங்காலம் வாங்கி அனுப்பு.' இந்தத் தெருவுலயா அவ விழுந்து கெடப்பா? விழறதுக்கு முன்னாடியே எனக்கு போன் வந்துரும்!"

நான் தமிழில் சொல்லச் சொல்ல அண்ணன் முகம் மாறிக்கொண்டே வந்தது. "இவங்களுக்கெல்லாம் எப்படித் தெரியும்?" என்றார்.

"ஜன்னல்ல இருந்துதான்." ஹானா எழுந்து, மேசையை ஜன்னல் விளிம்பாக்கி, பாவெலின் கையில் இருந்த கைத்துண்டை மடித்துத் தலையணையாக வைத்து, அதன்மேல் இரண்டு முழங்கையையும் ஊன்றித் தெருவைப் பார்த்துக் காட்டினார். "யார்மிலா இதுக்குன்னே ஒரு தலகாணி வச்சிருக்காங்க. வேலைய முடிச்சிட்டு இப்படி உக்காருவாங்க. யார் வந்தா, யார் போனா, யார் பையில என்னா, யார் வீட்டுப் பையன் யாரோட நிக்கிறான். எங்க தெருவுல இப்படி நாலு பேரு இருக்காங்க."

"தலகாணி வச்சிக்கிட்டா!" அண்ணன் எழுந்தே விட்டார். "அடி சரசு, கேட்டியா? வம்பு பேசுறதுக்குன்னு தலகாணி! அப்ப மொத்தத் தெருவும் கண்ணு வச்சிருக்கா?"

"மொத்தத் தெருவும்," என்றார் ஹானா.

"இத ஏன் ஒரு பய பாட்டுல காட்ட மாட்டேங்கிறான்?" என்று அண்ணன் சுவரைப் பார்த்துக் கேட்டார். சுவரிடமிருந்து பதில் வரவில்லை. அவர் அஸ்ரிக்குப் போன் போட்டார்.

பிற்பகல் 3.00

இலை எடுத்து, மீன்தலைக் கறியில் பாவெலுக்கு மூக்கும் கண்ணும் சேர்ந்து ஒழுகி முடிந்த நேரத்தில் அஸ்ரி வந்தான். விஷயத்தைக் கேட்டுத் தலையில் கை வைத்தான். "பாஸ், கோட்டையை அழிக்கச் சொல்லாதீங்க. அதுக்கே ஒன்பது நாளாச்சு." மலாயில்தான் கெஞ்சினான்.

"யாரு அழிக்கச் சொன்னா? கோட்டை இருக்கட்டும். அதுக்கு முன்னாடி இவங்க ஃப்ளாட்டைப் போடு, இன்னிக்குக் கோடு மட்டும் போதும்," என்றார் அண்ணன்.

அப்புறம் நடந்த கூத்தை என்னவென்று சொல்ல. பாவெல் கைப்பேசியோடு அஸ்ரியின் தோளருகே நின்றார். டிராம் பாதை அந்த வளைவில் அப்படித் திரும்பாது என்று நாலு முறை அழித்தார். ஹானா துணிக்கொடியை எந்த மாடியில் கட்டுவது என்று சண்டை போட்டார். குப்பைத் தொட்டி வேண்டாம் என்றார் அண்ணன், சாப்பாட்டுக் கடையில் குப்பைத் தொட்டியா என்று. குப்பைத் தொட்டி இல்லாமல் எங்கள் ஆண்கள் எங்கே நின்று பேசுவார்கள் என்றார் ஹானா. தொட்டி வந்தது. அண்ணி தன் பங்குக்கு ஒரு நாயையும் போடச் சொன்னார்.

அண்ணனை மொத்தமாகச் சாய்த்தது மீன்தான். கிறிஸ்மஸுக்கு நாலு நாள் முன்னால் நடைபாதையிலேயே பெரிய தொட்டிகளை வைத்து உயிருள்ள கெண்டை மீன் விற்பார்களாம். தெருவே வரிசையில் நிற்குமாம். முன்பெல்லாம் அதை வாங்கிவந்து வீட்டுக் குளியல் தொட்டியில் நீந்தவிட்டு, பண்டிகையன்று சமைப்பார்களாம். பிள்ளைகள் அதற்குப் பெயர் வைத்துவிட்டு அழுது தொலைப்பதும் உண்டாம். "குளிக்கிறதெல்லாம்?" என்றேன். "அந்த நாலு நாள் மீனோட ராச்சியம்," என்றார் பாவெல்.

"தலைய என்னா பண்ணுவீங்க?" என்றார் அண்ணன், தொழிலில் கண்ணாக.

"சூப்பு," என்றார் ஹானா.

"சூப்பா! கெண்டைத் தலைய சூப்பு வக்கிறதா!" அண்ணனுக்கு மனசே ஆறவில்லை. அவரும் ஹானாவும் அடுப்படிக்குள் போனவர்கள் ஒரு மணி நேரம் வெளியே வரவில்லை. நான் மொழிபெயர்க்கக்கூடத் தேவைப்படவில்லை.

மாலை 6.00

யாழினியும் தோமாஷும் புத்ராஜெயாவிலிருந்து வந்து சேர்ந்தார்கள். வாசலிலேயே நின்றுவிட்டாள் பெண். குன்றின்மேல் பிராக் கோட்டை, அதன் அடியில் துணி காயும் ஓஸ்ட்ராவா ஃப்ளாட், பாலத்துக்குப் பக்கத்தில் மீன் தொட்டி, செருப்போடு இரண்டு ஆள், ஒரு நாய், கீழ் ஜன்னலில் தலையணையோடு ஒரு அம்மா. உலகத்து வரைபடத்தில் எங்கே தேடினாலும் கிடைக்காத ஊர். தோமாஷ் அந்த ஜன்னலைக் காட்டி, "யார்மிலா!" என்று கத்தினான்.

யாழினி என் கையைக் கிள்ளினாள். "அத்தை, அப்பா அதக் கேட்டாரா?"

"கேட்டாரு."

"ஐயோ! அவங்க?"

"சிரிச்சாங்க."

அதற்குள் அண்ணன் ஹானாவிடம் கையால் காதைக் காட்டிக்கொண்டிருந்தார். போன் போடுங்க, அந்த யார்மிலாம்மாவுக்கு. அங்கே காலை பதினொரு மணி. ஹானா வீடியோவில் கூப்பிட்டார். எடுத்த வேகத்தைப் பார்த்தால் அந்த அம்மா ஜன்னலில்தான் இருந்திருக்க வேண்டும். எழுபது வயது இருக்கும், கம்பளிச் சட்டை, முழங்கைக்குக் கீழே பூப்போட்ட தலையணை. நிஜத் தலையணை!

அண்ணன் கைப்பேசியை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். கடைக் கும்பல் முழுக்க அவர் முதுகுக்குப் பின்னால். "வணக்கம்மா," என்றார். தமிழில்தான் பேசினார், கடைசிவரை தமிழில்தான். "நான் யாழினி அப்பா. பொண்ணு உங்க தெருவுக்கு வர்றா. கொஞ்சம் பாத்துக்கங்க." நான் ஆங்கிலத்தில் சொல்லி, ஹானா அதைச் செக்கில் சொல்வதற்குள் அந்த அம்மா ஏதோ நீளமாகப் பேசத் தொடங்கிவிட்டார். ஹானா எனக்குச் சொல்ல, நான் அண்ணனுக்குச் சொன்னேன். "இந்தத் தடவை சொந்தத் தொப்பி கொண்டுவரச் சொல்றாங்க. அவங்க தொப்பி இன்னும் திரும்பி வரலையாம்."

யாழினி நாக்கைக் கடித்துக்கொண்டாள். தொப்பி அவள் பெட்டியில் இங்கேதான் இருந்தது.

அண்ணனுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அந்த அம்மாவுக்கு என்ன தோன்றியதோ, கைப்பேசியைத் திருப்பித் தெருவைக் காட்டினார். சினிமா இல்லை, பாட்டு இல்லை. இலையில்லாத மரங்கள், சாம்பல் வானம். ஒரு பெண் பிள்ளைவண்டியைத் தள்ளிக்கொண்டு போனாள். பை தூக்கிய கிழவர் ஒருவர் நின்று ஜன்னலைப் பார்த்துக் கையாட்டினார். டிராம் ஒன்று மணியடித்துக்கொண்டு திரும்பியது, பாவெல் அந்தச் சத்தத்துக்குப் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். நாலைந்து பேர் இறங்கினார்கள். ஒருத்தி இறங்கிய இடத்திலேயே நின்று யாரையோ போனில் திட்டினாள்.

அண்ணன் பார்த்துக்கொண்டே இருந்தார். கண் கலங்கியதைத் துண்டால் துடைக்கக்கூட இல்லை. சிலை, கோட்டை எதையும் அவர் தேடவில்லை. ஆட்களைத்தான் பார்த்தார். ஒவ்வொரு ஆளாக, திரையை விட்டுப் போகும்வரை பார்த்தார். பிறகு கைப்பேசியை ஹானாவிடம் கொடுத்துவிட்டு மகள் பக்கம் திரும்பினார்.

"போய்ட்டு வாம்மா," என்றார்.

யாழினி அவர் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதாள், சிரித்தாள், இரண்டையும் ஒன்றாகச் செய்தாள். "இன்னும் கல்யாணமே ஆகலப்பா," என்றாள்.